ஜீவமானியின் விரல்

என் அக்கா ஹல்டா கிரென்னல் இறந்து பதினோரு நாள் ஆகிறது. மாவட்டப் பத்திரிகையில் நான்கு வரி போட்டிருந்தார்கள். வயது அறுபத்தொன்பது, மருத்துவமனைக்கு எதிரே இருபத்தைந்து வருடம் டோனட் கடை நடத்தியவர், கணவரும் மகனும் முன்பே காலமாகிவிட்டார்கள், தங்கை நெட்டி இருக்கிறார். எதுவும் பொய்யில்லை. அவள் ஒரு மனிதரைக் கொன்றாள் என்பது மட்டும் அதில் இல்லை. அதை எழுதக்கூடிய ஆள் இனி நான் ஒருத்திதான்.

அவள் கணவர் ராய் ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினெட்டாம் வருடத்து விஷக் காய்ச்சலில் போனார். மகன் லைலுக்கு அப்போது மூன்று வயது. இறந்தவர்களோடு பேசுகிறவர்கள் கோடைதோறும் கூடும் முகாம் ஒன்று ஏரிக்கரையில் இருந்தது. குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஹல்டா அங்கே போனாள். ராயின் குரலில் ஒரு அம்மாள் பேசினாள். கீழறைச் சாவி எங்கே இருக்கிறது என்று சொன்னாள். அது சரியாக இருந்தது. அவ்வளவுதான், ஹல்டா திரும்பி வரவில்லை. முகாமிலேயே ஒரு சிறு மரவீட்டை வாடகைக்கு எடுத்து, உருளைக்கிழங்கு மாவில் டோனட் சுட்டு மண்டப வாசலில் விற்றாள். நான் பள்ளிக்கூட ஆசிரியை. கோடை விடுமுறையில் போய் அவளோடு தங்கி, மண்டபத்தில் கால்துருத்தி ஆர்மோனியம் வாசித்தேன்.

டாக்டர் ஆர்லோ வின்செல் இருபத்தொன்றாம் வருடம் ஜீவமானியோடு வந்து சேர்ந்தார். வைத்தியம் படித்த டாக்டர் அல்ல. எல்லோரும் அப்படிக் கூப்பிட்டோம். ஜீவமானி என்பது வால்நட் மரத்தில் செய்த ஒரு பெட்டி. முகப்பில் மூன்று திருகுகள், பக்கவாட்டில் ஒரு பித்தளைக் குழி, மேலே இழுத்துக் கட்டிய ரப்பர் தோல். ஒரு துளி ரத்தத்தை ஒற்றுத்தாளில் எடுத்துக் குழியில் வைக்க வேண்டும். ஒருவர் திருகைத் திருப்பிக்கொண்டே போக, இன்னொருவர் ஒரே விரலால் ரப்பரைத் தேய்த்துக்கொண்டிருப்பார். எந்த எண்ணில் விரல் வழுக்காமல் ஒட்டுகிறதோ அதுதான் அந்த உயிரின் அதிர்வு. இருபது வரை செடிகொடி. நாற்பது வரை விலங்கு. அறுபது வரை உயிரோடிருக்கும் மனிதர். அறுபதிலிருந்து எண்பது வரை கரை கடந்துகொண்டிருப்பவர். அதற்கு மேல் அக்கரையில் இருப்பவர்கள்.

தேய்க்கிறவரை 'விரல்' என்றுதான் சொல்வோம். வின்செல் ஒருநாளும் தேய்க்க மாட்டார். பெட்டியைச் செய்தவனின் அதிர்வு கலந்துவிடுமாம். விரல் உரக்கச் சொன்ன எண்ணை ஏட்டில் எழுதிவிட்டால் அதை மாற்றக் கூடாது, இரண்டாம் முறை பார்க்கவும் கூடாது. எல்லாம் அவர் வகுத்த விதிகள்.

முதல் இரண்டு கோடை அது எங்களுக்கு ஒரு விளையாட்டு மாதிரிதான் இருந்தது. மளிகைக்கடைக்காரர் டூயி ஸ்ப்ரேக்தான் முகாமின் தலைவர். அவருக்கு நாற்பத்தாறு வந்தது, அவர் மனைவி மைராவுக்கு ஐம்பத்துமூன்று.

"நாப்பத்தாறுன்னா என்ன அர்த்தம் தெரியுமா? போன ஜென்மத்துல நீங்க கழுதை. இப்பதான் ஏறி வந்திருக்கீங்க" என்பாள் மைரா, கடைக்கு வந்தவர்கள் முன்னாலேயே.

"அம்பத்துமூணுக்குப் பாத்திரம் தேய்க்கத் தெரியாதோ?"

"அதிர்வு எறங்கிடுமே!"

இருபத்துநான்காம் வருடம் ஜூன் மாதம், ஒரு திங்கட்கிழமை காலை, லைலுக்கு வயிற்றுவலி வந்தது. ஒன்பது வயது. வலப்பக்கம் தொட்டால் கத்தினான். முகாமில் யாருக்கு உடம்புக்கு வந்தாலும் முதலில் எண் பார்ப்பது வழக்கம். வின்செல் வந்து, திரையை இழுத்துவிட்டு, பையனை மேற்கே பார்க்க உட்காரவைத்து, விரல் நுனியில் குத்தி ஒற்றுத்தாளில் எடுத்தார். தாளை உறையில் போட்டு ஒட்டி, பேர் எழுதி எடுத்துப் போனார். அப்போதைய விரல் மிஸஸ் ஆம்ஸ்டென் என்ற கிழவி. ஒரு மணி நேரத்தில் சேதி வந்தது: எழுபத்தொன்று.

எழுபத்தொன்று என்றால் கரை கடந்துகொண்டிருக்கிறான். அப்படிப்பட்டவரை டாக்டரிடம் கொண்டுபோவதில்லை. சுற்றி நின்று பாடுவோம். இன்னொரு வழக்கமும் உண்டு. கரை கடப்பவர் எதைக் கேட்டாலும் பதில் சொல்லக் கூடாது. பேசுவது அவரல்ல, விட மாட்டேன் என்று இழுக்கும் உடம்பு. பதில் சொன்னால் அந்த ஆன்மா போகவும் முடியாமல் திரும்பவும் முடியாமல் நின்றுவிடும். வின்செல் வருவதற்கு முன்பே முகாமில் இருந்த நம்பிக்கை இது. எண்கள் வந்த பிறகு யார் பேச்சுக்குப் பதில் கிடையாது என்பது கறாராகத் தெரிந்துபோயிற்று.

"அம்மா, டவுன் டாக்டர்கிட்ட போலாம்மா" என்றான் லைல். டவுன் எட்டு மைல்தான்.

ஹல்டா வாயைத் திறந்தாள். ஸ்ப்ரேக் அவள் தோளை அழுத்தினார். "அது அவன் இல்லம்மா. ஒடம்பு பேசுது. பதில் சொல்லிடாத, நடுவழியில நின்னுடுவான்."

"அம்மா, ஏம்மா பேச மாட்டேங்கிற? நான் என்ன பண்ணேன்?"

நான் ஆர்மோனியம் வாசித்தேன். இருபது பேர் பாடினார்கள். புதன்கிழமை மதியம் அவன் போனான். அந்த மூன்று நாளில் ஹல்டா தன் மகனுக்கு ஒரு வார்த்தைகூடப் பதில் சொல்லவில்லை. நம்பியதால்தான் சொல்லவில்லை. அவன் நல்லபடியாகக் கரை சேர வேண்டும் என்றுதான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

மூன்று வருடம் கழித்து மிஸஸ் ஆம்ஸ்டெனின் விரல் மூட்டுகள் வீங்கிவிட்டன. மாவு பிசைந்து பிசைந்து ஹல்டாவின் விரல்களுக்கு நல்ல நுட்பம் வந்திருக்கும் என்று வின்செல் அவளைக் கேட்டார். அவள் அப்போதும் ஜீவமானியை நம்பினாள். சம்மதித்தாள்.

சேர்ந்த முதல் வாரம், பழைய ஒற்றுத்தாள்கள் இருந்த இழுப்பறையை அடுக்கும்போது லைலின் பேர் எழுதிய உறை கிடைத்தது. ஒட்டியது ஒட்டியபடியே இருந்தது. யாரும் அதைப் பிரிக்கவே இல்லை. அதன் மேல் மூலையில் வின்செலின் பொடி எழுத்து. அவர் எதையும் எழுதிவைக்கிற மனிதர். 'தாள் குழியில் வைக்கப்படவில்லை. காலையில் பார்த்த முதியவர் ஏம்ஸின் தாளே குழியில் இருந்திருக்கிறது. திங்கள் மாலை ஆறு மணிக்குக் கவனித்தேன். எண் அறிவித்தாகிவிட்டது.'

ஏம்ஸ் கிழவர் அன்று மதியமே இறந்துபோனவர். எழுபத்தொன்று அவருடைய எண்.

திங்கள் மாலை ஆறு மணி. அதற்குப் பிறகு லைல் சுமார் இரண்டு நாள் உயிரோடு இருந்தான். அந்த இரண்டு நாளும் வின்செல் அவன் கட்டிலருகே நின்று எங்களோடு பாடினார்.

ஹல்டா உறையை என் முன்னால் மேசையில் வைத்தாள். டோனட் பொரித்துக்கொண்டிருந்த எண்ணெயை அவள் இறக்கவில்லை. அது புகைந்துகொண்டே இருந்தது.

"இதை எடுத்துட்டுப் போய் மண்டபத்துல எல்லாருக்கும் காட்டு. நானும் வரேன்" என்றேன்.

"காட்டினா? ரெண்டு நாள் டாக்டர் மொகத்தத் தொங்கப் போட்டுக்குவார். மன்னிப்புக் கேப்பார். மைரா அழுவா. அப்புறம் இன்னொரு உறை. எனக்கு மன்னிப்பா வேணும்?"

"பின்ன என்ன வேணும்?"

"அவருக்குக் குடலிறக்கம் இருக்கு நெட்டி. இடுப்புல பட்டை போட்டிருக்கார். திருகைத் திருப்பறப்ப நடுவுல நிறுத்தி, கைய விட்டு உள்ள தள்ளிக்கிறதப் பாத்திருக்கேன். ஒருநாள் அது உள்ள போகாம மாட்டிக்கும். அன்னிக்கு எண் பாக்கணும்பார். விரல் யாரு? நான்."

நான் அன்று அவளைத் தடுத்திருக்கலாம். எண்ணெயை மட்டும் இறக்கினேன்.

நான்கு வருடம் அவள் அவரோடு வேலை செய்தாள். தினம் காலையில் அவருக்கு இரண்டு டோனட் கொண்டுபோனாள், இலவங்கப்பட்டைத் தூள் தூவியது. ஒரு மாதத்திற்குள் ரப்பரின் ரகசியம் அவளுக்குப் பிடிபட்டுவிட்டது. விரலில் கொஞ்சம் ஈரமும் ஒரு அழுத்தமும் இருந்தால் போதும், எந்த எண்ணிலும் ஒட்டும். மிஸஸ் ஆம்ஸ்டென் வேண்டுமென்று செய்திருக்க மாட்டாள். கிழவரின் எண் காதில் இருந்திருக்கும், விரல் அங்கேயே நின்றிருக்கும். அதாவது லைலின் தாளைக் குழியில் வைத்திருந்தாலும் ஒன்றும் தெரிந்திருக்காது. தவறான எண் என்று ஒன்றுகூட இல்லை. எந்த எண்ணும் இல்லாத ஒரு பெட்டிக்காக அவன் போயிருக்கிறான். இதைக் கண்டுபிடித்த அன்று அவள் சாப்பிடவில்லை.

அந்த நான்கு வருடத்தில் அவள் யாருக்கும் ஐம்பத்தைந்துக்கு மேல் சொன்னதில்லை. உடம்பு முடியாதவர்களுக்கு நாற்பத்திரண்டு, நாற்பத்துநான்கு என்று சொல்லி, "இந்த எண்ணுக்கு டவுன் டாக்டரோட அதிர்வு நல்லா ஒத்துப்போகும்" என்று அனுப்பிவிடுவாள். பெரும்பாலும் பிழைத்து வந்தார்கள். ஹல்டாவின் விரல் பொய் சொல்லாது என்று முகாம் முழுக்கப் பேச்சாயிற்று. அவள் அதைத்தான் சேர்த்துவைத்துக்கொண்டிருந்தாள்.

முப்பத்தொன்றாம் வருடம் ஆகஸ்டில், ஒரு வியாழன் காலை, வின்செலின் குடலிறக்கம் மாட்டிக்கொண்டது. வாந்தி. முகம் சாம்பல் நிறமாகிவிட்டது. அவர் நேராக மருத்துவமனைக்குப் போயிருக்கலாம். போகவில்லை, ஏனென்றால் அவர் எத்தனல்ல. ஜீவமானியை உண்மையாகவே நம்பினார். அதைப் பலர் இன்றும் தப்பாகச் சொல்கிறார்கள். நம்பிய ஒரு கோழை அவர், அவ்வளவுதான்.

பெட்டியை அவர் வீட்டுக்கே தூக்கிவந்தார்கள். திருகைத் திருப்பியவர் ஸ்ப்ரேக். ஹல்டா இடுப்பில் கட்டியிருந்த சமையல் துணியில் கையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். நான் கதவருகே நின்றேன். நாற்பதைத் தாண்டியது. ஐம்பதைத் தாண்டியது. விரல் வழுக்கிக்கொண்டே போனது. அறுபதையும் தாண்டியது.

"எழுபத்தொண்ணு" என்றாள் ஹல்டா, உரக்க.

"இன்னொரு தடவை பாருங்க மிஸஸ் கிரென்னல்" என்றார் வின்செல் கட்டிலிலிருந்து.

ஸ்ப்ரேக் அழுதுகொண்டே ஏட்டில் எழுதினார். "ரெண்டாந்தடவை கெடையாதே டாக்டர். நீங்கதான சொல்லிக்கொடுத்தீங்க."

பாட்டு ஆரம்பித்தது. ஆர்மோனியத்தைத் தாழ்வாரத்தில் கொண்டுவந்து வைத்தார்கள். முதல் நாள் முழுக்க வின்செல் கண்ணை மூடி, விதிப்படி கிடந்தார். மறுநாள் காலை வலி மிஞ்சிய பிறகு, "டூயி, கடையில போன் இருக்கில்ல, ஆம்புலன்ஸ் கூப்பிடு" என்று ஆரம்பித்தார். ஸ்ப்ரேக் அவர் நெற்றியை வருடிவிட்டார். பதில் சொல்லவில்லை.

மற்றவர்கள் சாப்பிடப் போயிருந்த நேரத்தில் ஹல்டா உள்ளே போய், போர்வையின் மேல் அந்த உறையை வைத்தாள். ஜன்னல் வழியாக எனக்கு எல்லாம் தெரிந்தது. அவர் அதை எடுத்து, தன் எழுத்தைத் தானே படித்தார். படித்து முடித்ததும் அவளைப் பார்த்தார். அவள் உறையைத் திரும்ப வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

சாப்பிடப் போனவர்கள் திரும்பி வந்ததும் அவர் கத்தத் தொடங்கினார். "இந்த எண் தப்பு! இவ வேணும்னே சொல்லியிருக்கா! அந்தப் பையன் லைலுக்குச் சொன்னதும் தப்பு! எனக்குத் தெரியும், அன்னிக்கே தெரியும்! கேளுங்கய்யா!"

ஏழு வருடம் கழித்து உண்மையைச் சொன்னார். இருபது பேர் கேட்டார்கள். ஒருவரும் அதை அவர் பேச்சாக எடுத்துக்கொள்ளவில்லை.

"ஒடம்பு எப்படி இழுக்குது பாரு, பாவம்" என்றாள் மைரா.

"நெட்டி, கொஞ்சம் சத்தமா வாசிம்மா" என்றார் ஸ்ப்ரேக்.

சத்தமாக வாசித்தேன். தெரிந்தேதான் வாசித்தேன்.

அவர் ஹல்டாவின் கையைப் பிடித்தார். "நீங்க சொன்னா கேப்பாங்க. ஒரு வார்த்தை. நீங்க என்ன செய்யச் சொன்னாலும் செய்யறேன்."

ஹல்டா குனிந்தாள். ஒரு தாய் குழந்தையிடம் பேசுவதுபோல அவ்வளவு மெதுவாகப் பேசினாள்.

"ஒங்களுக்குப் பதில் சொல்லக் கூடாது டாக்டர். நடுவழியில நின்னுடுவீங்க."

சனிக்கிழமை சாயங்காலம் அவர் இறந்தார்.

அவருடைய அண்ணன் மகன் புகார் கொடுத்ததால் மாவட்டத்திலிருந்து மரண விசாரணை அதிகாரி வந்தார். நீங்கள் என்ன செய்தீர்கள் என்று கேட்டதற்கு, "ஒரு நம்பர் சொன்னேன்" என்றாள் ஹல்டா. ஒரு எண்ணைச் சொல்வது எந்தச் சட்டத்திலும் குற்றமில்லை. அவர் தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

பழி தீர்ந்தது என்று நான் நினைத்தேன். அவளும் அப்படித்தான் நினைத்திருப்பாள். நான்கு வருடமாக அந்தச் சனிக்கிழமைக்கு அப்பால் அவள் எதையும் யோசித்து நான் பார்த்ததில்லை. ஆனால் தன்னைச் செய்தவரின் சாவையே முன்கூட்டிச் சொன்ன பெட்டி என்று ஜீவமானியின் புகழ் ஏரியின் அக்கரைவரை பரவியது. ஒரே வாரத்தில் கார்கள் வரிசையாக வந்து நின்றன. முகாம் குழு கூடி, இனி ஜீவமானிக்கு ஹல்டாதான் பொறுப்பு என்று கைதட்டி முடிவு செய்தது. அந்த வாரம் அவள் சுட்ட டோனட்டெல்லாம் கருகின.

கோடையின் கடைசி ஞாயிறு, மண்டபத்தில் இருநூறு பேர் இருந்தார்கள். ஒரு இளம்பெண் நாலைந்து வயது மகளைத் தூக்கிக்கொண்டு மேடையருகே வந்தாள். குழந்தையின் காதுக்குப் பின்னால் எலுமிச்சை அளவு வீக்கம், அனலாகக் காய்ச்சல். அந்தத் தாய் உறையை நீட்டினாள். ரத்தத்தை அவளே எடுத்து ஒட்டிப் பேர் எழுதியிருந்தாள்.

"எழுபதுக்கு மேல வந்தா நான் அழ மாட்டேங்க. பதிலும் பேச மாட்டேன். எல்லாம் கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டுதான் வந்தேன்" என்றாள்.

ஹல்டா உறையை வாங்கவில்லை. அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு, "டூயி, மேல வாங்க" என்றாள். "ஒங்க தாள் எங்க? ஜூன்ல எடுத்தது. அதைக் குழியில வைங்க. திருகைத் திருப்புங்க."

ஸ்ப்ரேக் மேடையேறித் திருப்பினார். பன்னிரண்டில் விரல் ஒட்டியது.

"பன்னெண்டு. டூயி ஸ்ப்ரேக் ஒரு முட்டைக்கோஸ்" என்றாள் ஹல்டா.

யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"இன்னும் திருப்புங்க. தொண்ணூத்துமூணு. இப்ப செத்து மூணு தலைமுறை ஆச்சு. மைரா, நீ வா. எங்க ஒட்டணும் சொல்லு. முப்பதா? வெரல நாக்குல தொட்டு ஈரம் பண்ணிக்க. அழுத்து."

மைரா அழுத்தினாள். ஒட்டியது. "கழுதை!" என்று கத்திவிட்டாள் அவள். அடக்க முடியாமல் கத்தியதுதான். மண்டபம் முழுக்கச் சிரிப்பு வெடித்தது. ஸ்ப்ரேக்கின் முகம் மட்டும் வெளுத்துக்கொண்டே போனது. அவருக்குத்தான் முதலில் புரிந்தது.

"அப்ப டாக்டருக்கு நீ சொன்னது?" என்றார்.

"நான் வெச்ச எடத்துல ஒட்டினது. அவர் கத்தினாரே, அத்தனையும் நெஜம். என் பையன் கேட்டானே, டவுன் டாக்டர்கிட்ட போலாம்மான்னு, அதுவும் நெஜம். அவன்தான் கேட்டான். ஒடம்பு இல்ல."

சிரிப்பு நின்றுவிட்டது. ஹல்டா மேடையிலிருந்து இறங்கினாள். அந்தத் தாயின் கையிலிருந்து குழந்தையைப் பிடுங்கினாள் என்றுதான் சொல்ல வேண்டும். "வாம்மா. கார் இருக்கு. நெட்டி, நீ ஓட்டு." வழியில் நின்றவர்கள் ஒதுங்கினார்கள். ஒருவன் காறித் துப்பினான், அது அவள் பாவாடையில் விழுந்தது. கொலைகாரி என்று ஒரு பெண் சொன்னாள். ஹல்டா நிற்கவில்லை. எங்கள் துணிமணிகள், பாத்திரங்கள் எல்லாம் அந்த வீட்டிலேயே கிடந்தன. நாங்கள் திரும்பிப் போய் எடுக்கவில்லை. எடுக்க விட்டிருக்கவும் மாட்டார்கள்.

பிற்பகல் நான்கு மணிக்கு டவுன் மருத்துவமனையில் குழந்தைக்கு அறுவை சிகிச்சை நடந்தது. இன்னும் அரை நாள் போயிருந்தால் சீழ் மூளைக்கு ஏறியிருக்கும் என்றார் டாக்டர். தாய் உள்ளே போய்விட்டாள். ஹல்டாவும் நானும் தாழ்வாரத்துப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். அவள் பாவாடையிலிருந்த எச்சிலை நான் கைக்குட்டையால் துடைத்தேன். அவள் அழப் போகிறாள் என்று நினைத்தேன். ஒரு மனிதரைக் கொன்றது அவளுக்கு அப்போதுதான் உறைக்கிறது, இனி அதைப் பற்றி ஏதாவது சொல்வாள் என்று காத்திருந்தேன்.

"நெட்டி, நான் அவசரப்பட்டுட்டேன்" என்றாள்.

அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"முட்டைக்கோஸ்னு சொன்னதும் எல்லாரும் சிரிச்சாங்களே, அதைக் கேக்க அவர் உயிரோட இருந்திருக்கணும்."